முள் தைத்த காலுக்கும் ஓர் இலக்கமுண்டு

வேலியோரமாக நடந்து செல்பவரின் பாதத்தில் முள் தைப்பதும், வீடு கட்டும் வளவிற் கிடக்கும் பலகையாணி குதிக்காலில் ஏறுவதும், கமக்காரரின் கெண்டைக்காலில் முட்கம்பியின் கூர் இறங்குவதும் நம் நாட்டில் அன்றாட நிகழ்ச்சிகள். முள்ளைப் பிடுங்கி எறிந்து, இரண்டு துளி இரத்தத்தைத் துடைத்துவிட்டு, மறுகணமே வேலையைத் தொடர்வது நம்மவர் வழக்கம். இத்துணைச் சிறிய காயத்தைப் பற்றி எழுதுவதற்கு என்ன இருக்கிறது என்று வாசகர்கள் வினவக்கூடும்.

ஆனால் வைத்திய அறிஞர்களும் புள்ளிவிபர வல்லுநர்களும் இச்சிறு துளைக்கும் ஓர் இடத்தையும் ஓர் இலக்கத்தையும் வகுத்து வைத்திருக்கின்றனர். ஐக்கிய அமெரிக்காவிலே ஒருவர், வலது முழங்காலுக்குக் கீழே ஒரு குத்துக்காயத்துடன் வைத்தியசாலைக்குச் செல்கிறார் என்று வைத்துக்கொள்வோம். உள்ளே எதுவும் தங்கவில்லை என்று வைத்தியர் கண்டால், அவரது ஏட்டில் ‘எஸ் 81.831 ஏ’ என்னும் குறியீடு இடம்பெறும். இடது காலாயின் அது ‘எஸ் 81.832 ஏ’ என மாறும். மோட்டார் வண்டியின் இலக்கத்தகடு போலத் தோன்றும் இந்த ஏழு குறிகளுக்குள், காயம்பட்டவரின் நலனைத் தீர்மானிக்கும் கேள்விகள் சில அடங்கியிருக்கின்றன. அக்கேள்விகளை அறிந்து வைத்திருப்பது வைத்தியருக்கு மட்டுமன்றிக் குடும்பம் நடத்துவோர் ஒவ்வொருவருக்கும் பயன் தருவதாகும்.

வாய் சிறிது, ஆழம் பெரிது

காயங்கள் எல்லாம் ஒரு தன்மையன அல்ல. கத்தியால் வெட்டுண்ட காயம் நீண்டு திறந்திருக்கும், இரத்தம் பெருகும், காண்போர் பதறி வைத்தியரிடம் ஓடுவர். குத்துக்காயமோ இதற்கு நேர்மாறானது. அதன் வாய் கடுகளவாக இருக்கலாம். ஆழம் ஒரு விரற்கடையாகவும் இருக்கலாம். இரத்தம் அதிகம் வாராமையால் உட்சென்ற அழுக்கு வெளியே கழுவப்படுவதில்லை. தோல் விரைவில் மூடிக்கொள்ளும். மேலே காயம் ஆறிவிட்டது என்று நாம் மகிழ்ந்திருக்கையில் கீழே வேறொரு காரியம் நடைபெற்றுக்கொண்டிருக்கலாம்.

அவ்வாறு நடைபெறக்கூடியவற்றுள் மிகக் கொடியது ஏற்புவலி. தமிழகத்தார் இதனை இரணஜன்னி என்பர். இந்நோய்க்குக் காரணமான கிருமி மண்ணிலும் விலங்குகளின் சாணத்திலும் நெடுங்காலம் உறங்கிக் கிடக்கும் இயல்புடையது. பிராணவாயு இல்லாத இடத்திலேதான் அது விழித்துப் பெருகும். மூடிக்கொண்ட குத்துக்காயத்தின் அடிப்பாகம் அதற்கு ஏற்ற உறைவிடமாக அமைகிறது. அங்கிருந்து அது உண்டாக்கும் நஞ்சு நரம்புகளைப் பற்றுகிறது. முதலில் தாடை இறுகும். பின்னர் கழுத்தும் முதுகும் விறைக்கும். சிறு ஓசை கேட்டாலும் உடல் முழுவதும் இழுப்புக் காணும். துருப்பிடித்த ஆணியாலேதான் இந்நோய் வரும் என்று பலர் எண்ணுகின்றனர். உண்மையில் துருவுக்கும் நோய்க்கும் தொடர்பில்லை. ஆணியோடு உட்சென்ற மண்ணே குற்றவாளி. பளபளப்பான புதிய ஆணியும் மண்ணிற் கிடந்ததாயின் ஆபத்தானதே.

இங்கே கவனித்தற்குரிய செய்தி ஒன்றுண்டு. ஏற்புவலியின் அறிகுறிகள் காயம்பட்ட அன்றே தோன்றுவதில்லை. பெரும்பாலும் 3 நாட்கள் முதல் 21 நாட்கள் வரை சென்ற பின்னரே தோன்றும். அதற்குள் துளை ஆறிப்போயிருக்கும். முள் தைத்த நினைவும் மறைந்திருக்கும். வைத்தியசாலை ஏட்டில் ஏற்புவலிக்குரிய ‘ஏ 35’ என்னும் குறியீடு எழுதப்படும் வேளையில், அதற்கு வித்திட்ட காயம் எந்த ஏட்டிலும் எழுதப்படாமலே போயிருக்கலாம்.

இலக்கம் பிறந்த வரலாறு

நோய்களுக்கு ஏன் இலக்கமிட வேண்டும்? ஒரே நோயை ஊருக்கொரு பெயரால் அழைத்தால் கணக்கெடுக்க இயலாது என்பதே காரணம். 19ஆம் நூற்றாண்டிலே இங்கிலாந்தின் பதிவாளர் அலுவலகத்திற் பணியாற்றிய வில்லியம் ஃபார் என்பவர் இக்குறையை நன்கு உணர்ந்தவர். மரணக் காரணங்களை ஒழுங்காக வகைப்படுத்த வேண்டும் என்று அவர் இடைவிடாது வற்புறுத்தினார். அவர் வகுத்த பெரும் பிரிவுகளுள் வன்செயலாலும் விபத்தாலும் உண்டாகும் கேடுகளும் ஒன்றாக இருந்தன. கிரிமியப் போரிலே காயமுற்றோரைப் பராமரித்துப் புகழ்பெற்ற புளோரன்ஸ் நைற்றிங்கேல் அம்மையார், 1860ஆம் ஆண்டு லண்டனிற் கூடிய புள்ளிவிபர மாநாட்டுக்கு ஒரு திட்டத்தை முன்வைத்தார். வைத்தியசாலைகள் யாவும் ஒரே முறையிற் கணக்கு வைத்திருத்தல் வேண்டும் என்பதே அத்திட்டம். தாதியர் குலத்தின் தலைவியெனப் போற்றப்படும் அவர் புள்ளிவிபரத்திலும் வல்லவராய் இருந்தார் என்பதைப் பலர் அறியார்.

1893ஆம் ஆண்டிலே பிரெஞ்சு அறிஞர் ஜாக் பெர்த்தியோன் தயாரித்த மரணக் காரணப் பட்டியலைச் சிக்காகோவிற் கூடிய சர்வதேசப் புள்ளிவிபரக் கழகம் ஏற்றுக்கொண்டது. 1900ஆம் ஆண்டு பாரிஸ் நகரில் அதன் முதலாவது திருத்தம் நிறைவேறியது. அக்காலத்துப் பட்டியல் இறந்தோரையே கணக்கிட்டது. நோயுற்றுப் பிழைத்தோர் அதனுள் இடம்பெறவில்லை. 1948ஆம் ஆண்டு, புதிதாகத் தோன்றிய உலக சுகாதார நிறுவனம் ஆறாவது திருத்தத்தைப் பொறுப்பேற்றபோதுதான் அப்பட்டியல் நோய்களையும் காயங்களையும் கணக்கிடும் பட்டியலாக விரிந்தது. காயத்தின் தன்மைக்கு ஓர் இலக்கம், அதனை விளைவித்த புறக்காரணத்துக்கு வேறோர் இலக்கம் என்னும் இரட்டை முறையும் அத்திருத்தத்தில் இடம்பெற்றது. ஆணி ஏறி உயிர் தப்பியவனுக்கும் உலகப் பட்டியலில் இடம் கிடைத்தது.

பத்தாவது திருத்தம் 1990இல் உலக சுகாதாரப் பேரவையால் ஏற்கப்பட்டது. பதினோராவது திருத்தம் 2019இல் ஏற்கப்பட்டு 2022 ஜனவரி 1ஆம் திகதி நடைமுறைக்கு வந்தது. எனினும் நாடுகள் பழையதை விட்டுப் புதியதற்கு மாறுவதற்குப் பல ஆண்டுகள் செல்லும். ஐக்கிய அமெரிக்கா பத்தாவது திருத்தத்தைத் தன் தேவைக்கு ஏற்ப விரித்து, 70,000க்கும் மேற்பட்ட குறியீடுகளைக் கொண்ட பெருநூலாக்கி, 2015 ஒக்டோபர் 1ஆம் திகதி முதல் கையாண்டு வருகிறது. அதற்கு முன்னர் அந்நாட்டிலே முழங்கால், கெண்டைக்கால், கணுக்கால் ஆகிய மூன்றின் திறந்த காயங்களுக்கும் ‘891’ என்னும் ஒரே இலக்கமே வழங்கிற்று. வலமா இடமா என்பதைச் சொல்ல அதில் இடமில்லை. குத்தா வெட்டா என்பதைச் சொல்லவும் இடமில்லை.

ஏழு குறிகளின் பொருள்

இப்பொழுது ‘எஸ் 81.831 ஏ’ என்பதைப் பிரித்துப் பார்ப்போம்.

‘எஸ்’ என்னும் முதலெழுத்து இது காயம் என்பதைக் காட்டுகிறது. அடுத்துவரும் 81, முழங்காலிலோ அதற்குக் கீழ் கணுக்கால் வரையிலோ ஏற்பட்ட திறந்த காயம் என்று பொருள்படும். தொடையாயின் 71 என்றும், பாதமாயின் 91 என்றும் அது மாறும். தமிழிலே ‘காலிற் குத்திவிட்டது’ என்னும் ஒரு சொற்றொடரால் தொடை முதற் பெருவிரல் வரை எல்லாவற்றையும் நாம் குறித்துவிடுகிறோம். வைத்தியருக்கு அது போதாது. முழங்காலருகே இறங்கிய முள் மூட்டுக்குள்ளே சென்றிருக்குமாயின், மூட்டிற் சீழ் பிடித்து நடையே கெட்டுவிடலாம். பாதத்தில் ஏறிய ஆணி எலும்பைத் தொட்டிருக்கலாம். அதிலும் றப்பர் அடி கொண்ட சப்பாத்தைத் துளைத்துக்கொண்டு ஏறிய ஆணி, அச்சப்பாத்தின் ஈரத்தில் வாழும் ஒருவகைக் கிருமியையும் எலும்புவரை கொண்டு சேர்ப்பதுண்டு. அக்கிருமி சாதாரண மருந்துகளுக்கு எளிதிற் பணியாது.

புள்ளிக்குப் பின்வரும் 8, முழங்காலை விலக்கிக் கீழ்க்காலைச் சுட்டுகிறது. அதையடுத்த எண்ணே நாம் முக்கியமாகக் கவனிக்க வேண்டியது. 3 என்றால் குத்துக்காயம், உள்ளே அந்நியப் பொருள் எதுவும் இல்லை. 4 என்றால் குத்துக்காயம், உள்ளே அந்நியப் பொருள் உண்டு. கிழிகாயத்துக்கு 1உம் 2உம், கடிகாயத்துக்கு 5உம் ஒதுக்கப்பட்டிருக்கின்றன.

மூன்றுக்கும் நான்குக்கும் உள்ள இடைவெளி எழுத்திலே ஒன்றுதான். நோயாளியின் உடலிலோ அது பெரிது. முள்ளின் நுனி முறிந்து உள்ளே தங்கியிருக்குமாயின், எத்தனை மருந்து உட்கொண்டாலும் சீழ் வற்றாது. வற்றினாலும் மீண்டும் கட்டும். உலோகத் துண்டு எக்ஸ்ரே படத்தில் தெளிவாகத் தெரியும். கண்ணாடித் துண்டும் பெரும்பாலும் தெரியும். மரச்சிராயும் முள்ளும் அப்படத்திற் பெரும்பாலும் தெரிவதில்லை. அவற்றைக் காண ஒலியலைச் சோதனை வேண்டும். ஆதலால் ‘3’ என்று எழுதுவதற்கு முன் வைத்தியர் தேடிப் பார்த்திருத்தல் வேண்டும். பிடுங்கிய முள்ளை வீட்டார் எறியாது கொண்டுவந்து காட்டினால், நுனி முறிந்ததா இல்லையா என்பது அப்பொழுதே விளங்கிவிடும். ஒரு சத்திரசிகிச்சையின் தேவையை ஒரு கடதாசியிற் சுற்றிய முள் தீர்மானித்துவிடலாம்.

ஆறாவது குறி பக்கத்தைச் சொல்வது. 1 வலம், 2 இடம், 9 என்பது பக்கம் சொல்லப்படவில்லை என்பதன் அடையாளம். குறியீடு இடும் எழுத்தர் தாமாக எதையும் ஊகித்து எழுதலாகாது. வைத்தியர் எழுதிவைத்ததையே அவர் குறியீடாக மாற்றலாம். ‘காலிற் காயம்’ என்று மாத்திரம் வைத்தியர் எழுதியிருந்தால், வகையும் தெரியாத, பக்கமும் தெரியாத காயத்துக்குரிய குறியீடே ஏட்டில் ஏறும். அந்நாட்டிலே வைத்தியச் செலவைக் காப்புறுதிக் கம்பனிகள் இக்குறியீடுகளைப் பார்த்தே கொடுக்கின்றன. ஆகையால் எழுதாமல் விட்ட ஒரு சொல் நோயாளியின் பணப்பையையும் தொடும்.

ஈற்றிலுள்ள ‘ஏ’ என்னும் எழுத்தை முதல் வருகை என்று பலர் கொள்வர். அது முழுவதும் சரியன்று. காயத்துக்கு நேர்ச்சிகிச்சை நடைபெறும் காலம் முழுவதும் ‘ஏ’ என்பதே வழங்கும். காயம் ஆறிவரும் காலத்திற் கட்டு மாற்றுவதற்கும் பார்வையிடுவதற்கும் வரும்போது ‘டீ’ என்று மாறும். காயம் ஆறியபின் எஞ்சிய கேட்டுக்காக வருவோருக்கு ‘எஸ்’ என்னும் எழுத்து ஈற்றிலும் வரும்.

ஒரே துளை, வேறு வேறு பகுதி

இவ்வளவு சொல்லியும், அத்துளையை எது உண்டாக்கியது என்பது இன்னும் சொல்லப்படவில்லை. அதற்கு வேறொரு வரிசை உண்டு. பத்தாவது திருத்தத்தில் முள்ளும் கூரிய இலையும் பட்டதற்கு ‘டபிள்யூ 60’. ஆணி முதலிய பொருள்கள் தோலினுட் புகுந்ததற்கு ‘டபிள்யூ 45’. நாய்க்கடிக்கு ‘டபிள்யூ 54’. இன்னொருவன் கூரிய ஆயுதத்தாற் குத்தியிருந்தால் ‘எக்ஸ் 99’. காலிலுள்ள துளை ஒன்றுபோலவே இருக்கலாம். ஆயினும் முன்னையது விபத்து, பின்னையது குற்றம்.

இந்த வேறுபாடுகள் வெறும் எழுத்து வேலையல்ல. நாயின் பல் பதிந்த துளைக்கு வேண்டியது விசர்நாய்த் தடுப்பு மருந்து. அமெரிக்கக் குறியீட்டு முறையில் அது குத்துக்காயத்தோடு சேராது கடிகாயமென்று தனியே நிற்பதும் பொருத்தமே. வயலிலே கண்ணாடி விரியன் தீண்டிய துளைக்கு வேண்டியது விஷமுறி மருந்து. அது ‘ரீ 63’ என்னும் நச்சுப் பகுதியைச் சேரும். கடற்றொழிலாளரின் காலிற் குத்தும் திருக்கை மீனின் வால்முள்ளும் நஞ்சுடையதாதலின் அதே நச்சுப் பகுதியிலே தேடப்படவேண்டும். இரவிலே பாயிற் படுத்துறங்குபவரைத் தீண்டும் கட்டுவிரியனோ, பலவேளைகளில் வலியையும் உண்டாக்காது, கண்ணுக்குப் புலப்படும் துளையையும் விடாது. துளை சிறிது என்பதனாலோ, துளையே தெரியவில்லை என்பதனாலோ ஆபத்தும் இல்லை என்று எவரும் அமைதிகொள்ளலாகாது.

மற்றொரு குறியீட்டையும் இங்கே சொல்லவேண்டும். மென்றசையில் எஞ்சிய அந்நியப் பொருளுக்கு ‘எம் 79.5’ என்பது வழங்குகிறது. போர்க்காலத்தில் உடலிற் பாய்ந்த உலோகத் துண்டுகளை இன்றும் சுமந்து வாழ்வோர் நம் நாட்டில் உள்ளனர். அவர்களது பழைய காயம் எப்பொழுது, எவ்வாறு உண்டாயிற்று என்பது ஏட்டில் இருக்குமாயின், பின்னர் வேறொரு நோய்க்குச் சிகிச்சை செய்யும் வைத்தியருக்கு அது பெருந்துணையாகும். காந்தசக்தியைக் கொண்டு படமெடுக்கும் இயந்திரத்தினுள் ஒருவரை அனுப்புவதற்கு முன்னர் உடலில் உலோகம் உண்டா என்று கேட்பது இதன்பொருட்டே.

நம் நாட்டு ஏடுகளில்

இலங்கையிலே அரசினர் வைத்தியசாலைகளிற் தங்கிச் சிகிச்சை பெறுவோரின் நோய்விபரங்களும் உலக சுகாதார நிறுவனத்தின் பத்தாவது திருத்தத்தைத் தழுவியே தொகுக்கப்படுகின்றன. ஆனால் அமெரிக்க விரிவு இங்கில்லை. உலகப் பொதுப்பட்டியலில் ‘எஸ் 81’ என்பதன் கீழே வெட்டும், கிழிவும், குத்தும், விலங்குக்கடியும் ஒன்றாகவே அடங்கும். வலம் இடம் என்னும் பேதமும் நான்கு குறிகளுள் வாராது. ஆகவே நம் நாட்டிற் குறியீடு சொல்லாத அனைத்தையும் வைத்தியரின் குறிப்பே சொல்லியாக வேண்டும். வீடு திரும்பும்போது கையிற் கொடுக்கப்படும் நோய்நிர்ணயச் சீட்டை அலட்சியமாக மடித்தெறிவோர், தம் உடலின் வரலாற்றில் ஓர் ஏட்டைக் கிழித்தெறிபவராவர்.

மேலும், வாட்டில் தங்காது வெளிநோயாளர் பகுதியிற் காயத்தைக் கழுவி ஊசி போட்டுக்கொண்டு திரும்புவோர் அத்தொகுப்பிற் சேர்வதில்லை. வீட்டிலேயே மஞ்சள் வைத்துக் கட்டிக்கொள்வோரைப் பற்றிக் கேட்கவே வேண்டியதில்லை. எண்ணிக்கையில் வாராத காயம் இல்லாத காயமாகிவிடாது. கணக்கைப் படிப்போர் இதனை மனத்திற் கொள்ளுதல் நன்று.

வீட்டார் செய்யவேண்டியவை

முள்ளை முள்ளாலே எடுக்கவேண்டும் என்பது பழமொழி. உலகியலுக்கு அது பொருந்தலாம், காலுக்குப் பொருந்தாது. அழுக்கான முள்ளாலும் ஊக்காலும் துளையைக் கிளறுவது, உள்ளேயிருப்பதை இன்னும் ஆழத்துக்குத் தள்ளுவதாகும். தோலின் மேலே தெரியும் சிறு முள்ளைச் சுத்தமான இடுக்கியால் எடுத்துவிடலாம். ஆழமாகப் பாய்ந்து நிற்கும் கம்பியையோ கத்தியையோ பிடுங்கலாகாது; அசையாதவாறு சுற்றிலும் துணிவைத்துக் கட்டி வைத்தியசாலைக்குக் கொண்டு செல்லவேண்டும். அதுவே இரத்தக் குழாயை அடைத்து நிற்கும் தடையாகவும் இருக்கலாம்.

காயத்தைச் சவர்க்காரமும் ஓடும் நீரும் கொண்டு நன்றாகக் கழுவுக. நாய்க்கடியாயின் 15 நிமிடம் கழுவவேண்டும். பாம்புக்கடியாயின் கீறவும் வேண்டாம், உறிஞ்சவும் வேண்டாம். காலை அசைக்காது வைத்து உடனே வைத்தியசாலையை அடைக. சாணம், சுண்ணாம்பு, கரித்தூள் முதலியவற்றைத் துளையில் அப்புவது ஏற்புவலிக்கு நாமே வழிதிறந்து விடுவதாகும்.

ஏற்புவலித் தடுப்பூசியைப் பற்றி விசாரிக்க மறவாதீர்கள். 1978ஆம் ஆண்டு தொடங்கிய விரிவாக்கப்பட்ட நோய்த்தடுப்புத் திட்டத்தின் பயனாக நம் குழந்தைகள் இவ்வூசியைப் பெறுகின்றனர். வயதானோர் பலர் கடைசியாக எப்பொழுது பெற்றனர் என்பதை மறந்துவிடுகின்றனர். மண்ணும் அழுக்கும் பட்ட காயத்துக்கு, கடைசி ஊசி ஏற்றி 5 ஆண்டுகளுக்கு மேலாகியிருந்தால் மீண்டும் ஒன்று ஏற்றுவது பல நாடுகளில் வழக்கம். சலரோகம் உடையோர் இன்னும் விழிப்பாயிருத்தல் வேண்டும். அவர்களது பாதம் உணர்ச்சி குன்றியிருப்பின் ஆணி ஏறியதே தெரியாது. நாள்தோறும் உள்ளங்காலைப் பார்த்துக்கொள்வது அவர்களுக்கு இன்றியமையாத கடமை.

வைத்தியரிடம் சென்றதும் ஆறு விடயங்களைத் தெளிவாகச் சொல்லுங்கள். எந்தக் கால்? காலில் எந்த இடம்? எது குத்தியது? குத்தியது முழுமையாக வெளியே வந்ததா? எப்பொழுது, எங்கே நடந்தது? கடைசித் தடுப்பூசி எப்பொழுது? தடுப்பூசி ஏற்றிய திகதிகளை வீட்டார் அனைவருக்கும் ஒரு கொப்பியில் எழுதி வைத்தல் நன்று. சில நாட்களின் பின் வலி கூடினாலும், சிவந்து வீங்கினாலும், காய்ச்சல் கண்டாலும், தாடை இறுகினாலும், ஆறிய காயத்தைப் பற்றியும் வைத்தியரிடம் கூறுங்கள்.

ஜெனீவாவிலே வகுக்கப்பட்ட பட்டியலும், அமெரிக்காவிலே விரிக்கப்பட்ட ஏழு குறிகளும் வைத்தியரின் பேனாவைக் கடந்து நம் வீட்டுக்குள் வருவதில்லை. ஆயினும் அவை கேட்கும் கேள்விகளுக்கு விடை தெரிந்தவர்கள் காயம்பட்டவரும் அவரைச் சேர்ந்தவர்களுமே. அவர்கள் வாய்திறந்து சொன்னால் வைத்தியர் எழுதுவார். வைத்தியர் எழுதினால் ஏடு சொல்லும். மேலே மூடிக்கொண்ட துளைக்குள் என்ன இருக்கிறது என்பதைக் காலந் தாழ்த்தாது அறிவதற்கு வேறு வழியில்லை.